மட்டிக்குடாவுக்குப் போட்ட மருந்து

புதிதாக டக்கில் ஏறப்போகும் தம்பிமாருக்கும் தங்கச்சிமாருக்கும்,

பயிற்சிப் புத்தகத்தின் கடைசியில் சேர்ப்பதற்கு இரண்டு பக்கம் எழுதித் தரும்படி அலுவலகத்திலிருந்து கேட்டார்கள். "உங்கட அனுபவத்தை எழுதுங்கோ அண்ணை, பிள்ளைகளுக்கு உற்சாகமா இருக்கும்" என்றார் கேட்டவர். இரண்டு பக்கத்தில் அடங்காது என்று அப்போதே சொல்லிவிட்டேன். உற்சாகமாக இருக்குமா என்பதற்கும் நான் பொறுப்பில்லை. பெரிய கப்பல்களை இழுத்தும் முட்டித் தள்ளியும் இறங்குதுறையில் அணைக்கிற டக் என்னும் இழுவைப் படகுகளின் இயந்திர அறையில் முப்பது வருடத்துக்கு மேல் கிடந்தவன் நான். காது பாதி போய்விட்டது. கோபம் மட்டும் போகவில்லை. மனைவி றீற்றாவைக் கேட்டால் விபரமாகச் சொல்லுவாள்.

பம்பு, வால்வு, குழாய் எல்லாம் படிப்பிக்க உங்களுக்கு ஆட்கள் இருக்கிறார்கள். நான் ஒரே ஒரு விஷயம்தான் எழுதப்போகிறேன். உங்கள் கையால் கடலில் எண்ணெய் விழும் நாள் ஒன்று கட்டாயம் வரும். எனக்கு வராது என்று நினைக்கிறவர் இப்போதே வேறு வேலை பார்க்கலாம். அந்த நாளில், முதல் ஐந்து நிமிடத்தில், உங்கள் கை எதை எடுக்கிறது என்பதுதான் விஷயம். என் கை ஒரு தடவை பிழையானதை எடுத்தது.

என் காலத்தில் எல்லா டக்கிலும் இயந்திர அறைப் படிக்குக் கீழே இரண்டு மூன்று பிளாஸ்டிக் கலன்கள் இருக்கும். உள்ளே பாத்திரம் கழுவும் சவர்க்காரத் திரவம். தளம் கழுவுவதற்கென்று களஞ்சியத்தில் கையெழுத்து வைத்து எடுப்பது. அதைக்கொண்டு தளம் கழுவிய ஒருவரையும் நான் கண்டதில்லை. எண்ணெய் சிந்தினால் அதைத் தண்ணீரில் கலந்து மேலே விசிறுவோம். பல நிறத்தில் மினுங்கிக்கொண்டிருக்கும் படலம் உடைந்து, கலங்கி, பத்து நிமிடத்தில் காணாமல் போய்விடும். அந்தத் திரவத்துக்கு நாங்கள் வைத்த பெயர் மருந்து. நோய் கடலுக்கு, மருந்து அதிகாரிமாரின் கண்ணுக்கு. அப்படி ஒரு வைத்தியம் நடத்திக்கொண்டிருந்தோம்.

எனக்குத் தொழில் பழக்கியவர் ஒரு மூத்த இயந்திரக்காரர். காலமாகிவிட்டார், பெயர் வேண்டாம். பெரியவர் என்றே எழுதுகிறேன். இயந்திரத்தின் சத்தத்தைக் கேட்டே எங்கே நோவு என்று சொல்லுவார். இரக்கமுள்ள மனிதர். ஒருநாள் வேலை முடிந்து திரும்பும்போது படகின் பின்பக்கம் ஓர் ஆமை தலை நீட்டியது. பெரியவர் யாரையும் கேட்காமல் இயந்திரத்தை நிறுத்திவிட்டார். மேலே கப்டன் கத்துகிறார். பெரியவர் படியில் நின்றபடி, "அது போகட்டும் ஐயா, நாங்கள் பிறகு போவம்" என்றார். அந்த ஆமை ஆறுதலாகப் போகும்வரை ஒரு டக், ஒரு கப்டன், ஆறு ஆட்கள் காத்துக்கொண்டு நின்றோம். இதை ஏன் சொல்கிறேனென்றால், பின்னால் வரும் கதையை வாசித்துவிட்டு அவரைக் கல்நெஞ்சர் என்று நீங்கள் நினைத்துவிடக் கூடாது.

சண்டை கொஞ்சம் ஓய்ந்து கப்பல்கள் திரும்பவும் அடிக்கடி வரத் தொடங்கிய காலம். கச்சான் என்கிற மேல்காற்று வீசும் மாதம், காலை ஒன்பது மணியிருக்கும். டக்கின் அடியில் தேங்கியிருந்த கழிவு எண்ணெயைக் கரையிலுள்ள தாங்கிக்கு ஏற்றிக்கொண்டிருந்தோம். குழாயின் பக்கத்தில் நிற்கவேண்டியவன் நான். எல்லாம் ஒழுங்காகத்தான் ஓடியது. இரண்டு நிமிடம்தானே என்று ஒரு பிளேன்ரீ குடிக்கப் போனேன். அங்கே வடை சூடாக இருந்தது. இரண்டு நிமிடம் பத்து நிமிடமானது.

திரும்பி வந்தபோது குழாயின் இணைப்புக் கழன்று கிடந்தது. கறுப்பு எண்ணெய் கொளகொளவென்று கடலுக்குள் போய்க்கொண்டிருந்தது. ஒரு பரலுக்கு, ஒரு முழு எண்ணெய்ப் பீப்பாய்க்கு, மேல் போயிருக்கும். பம்பை நிறுத்திவிட்டு நின்றேன். பெரியவர் ஓடி வந்து ஒரு தடவை தண்ணீரைப் பார்த்தார், ஒரு தடவை என்னைப் பார்த்தார்.

"நிண்டு பாக்காதை. மருந்தைப் போடு, கெதியா!"

மூன்று கலனையும் கொட்டி விசிறினேன். அரை மணித்தியாலத்தில் கறுப்பு கலைந்து, தண்ணீர் கொஞ்சம் பால் கலந்ததுபோல் கிடந்தது. காற்று அதையும் மெல்ல அள்ளிக்கொண்டு போனது. அதிகாரிமாரின் ரோந்துப் படகு வந்தபோது பார்ப்பதற்கு ஒன்றும் இல்லை.

"எல்லாம் சரியோ?" என்று கேட்டார் படகில் நின்றவர்.

"ஓம் சேர், எல்லாம் சரி" என்றார் பெரியவர்.

அவர்கள் போனதும் என் முதுகில் தட்டினார். "உனக்கு இப்பதான் கலியாணம் முடிஞ்சிருக்கு. கவனமா இரு" என்றார். எனக்குக் கண் கலங்கிவிட்டது. என் வேலையைக் காப்பாற்றியவர் அவர். அன்றிரவு நான் நன்றாக நித்திரை கொண்டேன். மனச்சாட்சி குத்தியது, புரண்டு புரண்டு படுத்தேன் என்று எழுதலாம், அது பொய்.

ஐந்தாம் நாள் மத்தியானம் சாப்பாட்டுக்கு வெளியே போகும்போது, துறைமுக வாசலில் ஒரு பெண் காவலாளியோடு வாக்குவாதப்பட்டுக்கொண்டிருந்தார். நாற்பது வயதிருக்கும். தலை மூடிய சேலை, முழங்கால்வரை காய்ந்த சேறு, இடுப்பில் ஒரு கூடை. எதிர்க்கரைக் கிண்ணியாவிலிருந்து தோணியில் வந்து மட்டிச் சிப்பி பொறுக்குகிற பெண்களில் ஒருவர். பெயர் சல்மா. கிண்ணியாவில் மூத்த சகோதரியை ராத்தா என்பார்கள், துறைமுகத்தில் நாங்களும் அவரை அப்படித்தான் கூப்பிடுவோம். உள்துறைமுகத்தின் ஒரு மூலையில் கண்டல் மரங்கள் சூழ்ந்த ஆழம் குறைந்த குடா ஒன்று இருக்கிறது. வாய் ஒடுங்கியது, உள்ளே நல்ல சேறு. அந்தப் பெண்கள் அங்கேதான் பொறுக்குவார்கள். அதனால் எங்களுக்கு அது மட்டிக்குடா.

கூடை நிறைய மட்டி. எல்லாம் வாய் பிளந்து செத்துக் கிடந்தன. நாற்றம் வாசலைத் தாண்டி அடித்தது. காவலாளி விடமாட்டேன் என்றதும் ராத்தா என் எண்ணெய் படிந்த உடுப்பைப் பார்த்து என்னிடம் திரும்பினார்.

"தம்பி, நீங்க உள்ளுக்குத்தானே வேலை? ஆரு தண்ணிக்க என்னத்தப் போட்ட?"

"எங்களுக்கு ஒண்டும் தெரியாது ராத்தா" என்றேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். "மழைத் தண்ணி இறங்கி உப்புக் குறைஞ்சிருக்கும். அதாலதான் செத்திருக்கும்."

"மழை பெய்ஞ்சு எத்தின மாசம் தம்பி?"

காவலாளி சிரித்துவிட்டான். ராத்தா சிரிக்கவில்லை. கூடையை நிலத்தில் வைத்தார்.

"எண்ணெய் எண்டா மேல மினுங்கும், நாங்க கண்டிருப்பம். கண்டிருந்தா குடாட வாய மறிச்சிருப்பம். பழைய வலையும் ரெண்டு கட்டு வைக்கலும் போதும் எங்களுக்கு. இது ஒண்டும் தெரியாம வந்து அடியில படுத்திருக்கு. கண்ணுக்குத் தெரியாத சாமான நாங்க எப்பிடித் தம்பி மறிக்கிற?"

நான் மற்றப் பக்கம் திரும்பி உள்ளே நடந்தேன். சாப்பிடவும் போகவில்லை. நேரே பெரியவரிடம் போய்ச் சொன்னேன். அவர் நீண்ட நேரம் கையைத் துணியால் துடைத்துக்கொண்டே இருந்தார். "கடல் பெரிசு தம்பி, அது தாங்கும்" என்றார் கடைசியில். அதைச் சொல்லும்போது என் முகத்தைப் பார்க்கவில்லை.

அடுத்த லீவு நாளில் உதவிக்கு வந்தவன்போல ராத்தாவின் தோணியில் மட்டிக்குடாவுக்குப் போனேன். அவர் சேற்றில் ஒரு பிடி அள்ளி என் கையில் வைத்தார். விரலிடையே வழுக்கியது. மணந்து பார்த்தேன். எங்கள் குசினியில் பாத்திரம் கழுவும் மணமும் எங்கள் இயந்திர அறை மணமும் சேர்ந்து வந்தன. அந்தச் சேற்றுக்குள் அரிசிப் பருமனில் குஞ்சு மட்டிகள், எல்லாம் வாய் திறந்திருந்தன. மட்டி தண்ணீரை உறிஞ்சி வடித்துத்தான் சீவிக்கிறது. மேலே மிதந்திருந்தால் காற்றோடு போயிருக்கக்கூடிய எண்ணெயை, நான் பொடிப்பொடியாக உடைத்து அதன் வாய்க்குள்ளேயே அனுப்பியிருக்கிறேன். பெயர் தெரியாத சின்ன நண்டுகள், புழுக்கள், சங்குப் பூச்சிகளும் செத்துக் கிடந்தன. அவற்றை ஒருவரும் பொறுக்குவதில்லை, விற்பதில்லை. அவற்றுக்காகக் கூடையோடு வாசலுக்கு வந்து நிற்க ஒருவரும் இல்லை.

தம்பிமாரே, இதை அன்றைக்குத்தான் நான் யோசித்தேன். ஆமைக்காக இயந்திரத்தை நிறுத்திய மனிதர்தான் மருந்தைப் போடு என்று சொன்னார். ஆமை தலை நீட்டி எங்களைப் பார்த்தது, மட்டி பார்க்கவில்லை. கண்ணுக்கு முன்னால் வருகிற உயிருக்கு இரங்குவது லேசு, அதற்குப் பெரிய மனம் தேவையில்லை. சேற்றுக்குள் கிடக்கிறதையும் எங்கள் பொறுப்பு என்று நினைக்கத்தான் பழக வேண்டியிருக்கிறது. இயந்திரம் எங்கள் கையில் இருக்கிறது, எண்ணெய் எங்கள் கையில் இருக்கிறது. ஒரு மட்டியால் குடாவை விட்டு எழும்பிப் போக ஏலாது. முறைப்பாடு வருகிறதோ இல்லையோ, பொறுப்பு பலம் உள்ளவனுக்குத்தான்.

இவ்வளவையும் யோசித்தவன் அன்றே உண்மையைச் சொல்லியிருப்பான் என்றுதானே நினைக்கிறீர்கள்? சொல்லவில்லை. தோணியில் திரும்பி வரும்போது ராத்தா இரண்டு தடவை என் முகத்தைப் பார்த்தார். நான் வானத்தைப் பார்த்தேன். வேலை போய்விடும் என்று பயந்தேன். அதற்குப் பிறகு நான் செய்ததெல்லாம் கோழையின் பரிகாரம். வாரத்துக்கு ஒரு தடவை ராத்தாவிடம் மட்டி வாங்கினேன். மட்டிக்குடாவின் ஒரு பக்கம் மட்டி இல்லாமல் சும்மா கிடந்தது, மற்றப் பக்கத்தில் பொறுக்கியதை விற்பார். நாங்கள் கடற்கரையோர உப்புவெளியில் இருந்தோம், வீட்டு வாசலிலேயே நல்ல மீன் கிடைக்கும். நான் மட்டிப் பையோடு சைக்கிளில் வந்து இறங்குவேன். "இந்த மட்டியை இனி இந்தக் குசினிக்குள்ள கொண்டு வந்தால் நீங்களே அவிச்சு நீங்களே தின்னுங்கோ" என்று றீற்றா ஒருநாள் சத்தம் போட்டாள். பிறகு காரணம் கேட்டாள். அவளுக்கு மட்டும் சொன்னேன். அவள் எழும்பிப் போய் மட்டியை அவித்தாள்.

வருடங்கள் போயின. பெரியவர் ஓய்வு பெற்றுப் போக, நான் டக்கின் தலைமை இயந்திரக்காரனானேன். கலன்கள் படிக்குக் கீழே அப்படியேதான் இருந்தன. சின்னச் சின்னச் சிந்தல்களுக்கு நான் மருந்து போடவிடவில்லை, துணியாலும் மரத்தூளாலும் ஒற்றி எடுக்கச் சொன்னேன். ஆனால் அந்தக் கலன்களைத் தூக்கிக் கரையில் வைக்கவும் இல்லை. வைத்தால் ஏன் என்று கேட்பார்கள். கேட்டால் சொல்லவேண்டி வரும்.

ஓய்வுக்கு ஒன்றரை வருடம் இருந்தபோது அது நடந்தது. சிறுபோக நெல் வெட்டி முடிந்த மாதம், மறுபடியும் கச்சான், மறுபடியும் காலை. எங்கள் கொம்பனியோடு ஒப்பந்தம் செய்வதற்கு வெளிநாட்டு விருந்தாளிகள் அன்று வருவதாக இருந்தது. இறங்குதுறையில் கொடி கட்டி, கதிரை போட்டு, பூ வைத்திருந்தார்கள். அந்த நேரம் பார்த்து ஒரு கப்பலை அணைக்கும்போது எங்கள் டக், கப்பலுக்கும் இறங்குதுறைக் கம்பத்துக்கும் நடுவில் நெரிபட்டது. கழிவு எண்ணெய்த் தாங்கி இருந்த பக்கத்தில் தகடு கிழிந்தது. ஆட்களுக்கு ஒன்றும் இல்லை. ஆனால் தண்ணீர் கறுக்கத் தொடங்கியது. ஓட்டையை நாங்கள் அடைத்து முடிக்குமுன் பழைய சிந்தலைப்போல் மூன்று மடங்கு போய்விட்டது.

மேலே ஏறிக் காற்றைப் பார்த்தேன். மட்டிக்குடாவின் பக்கம்தான் வீசியது.

தொலைபேசி அடித்தது. கரையிலிருந்து முகாமையாளர்.

"அண்ணை, அரை மணித்தியாலத்தில விருந்தாளிகள் வருகினம். கறுப்பா ஒண்டும் தெரியக்கூடாது. விளங்குதோ?"

"விளங்குது சேர்."

"அப்ப மருந்தைப் போடுங்கோ."

"ஏலாது சேர்."

"ஓய்வுக்கு எவ்வளவு காலம் இருக்கு அண்ணை?" என்று கேட்டார். குரலை உயர்த்தவில்லை. நான் பதில் சொல்லாமல் வைத்துவிட்டேன். தைரியத்தில் வைத்ததாக நினைக்காதீர்கள். இன்னும் இரண்டு வார்த்தை கேட்டால் சம்மதித்துவிடுவேன் என்று பயந்தேன், அவ்வளவுதான்.

நேரே கீழே போய், ஒரு கலனை இரண்டு காலுக்கும் நடுவில் வைத்துக்கொண்டு மற்றதன் மேல் ஏறி இருந்தேன். நல்ல திட்டம் ஒன்றும் மனதில் இல்லை. கலன் அங்கே இருந்தால் யாராவது எடுப்பார்கள், நான் அதன் மேல் இருந்தால் எடுக்கமாட்டார்கள் என்ற அளவுக்குத்தான் மூளை வேலை செய்தது.

கப்டன் இறங்கி வந்தார். என்னைவிடப் பதினைந்து வயது இளையவர், நல்ல பிள்ளை. முகம் வெளிறிப்போயிருந்தது. முகாமையாளர் அவருக்கும் தொலைபேசி எடுத்திருக்கிறார்.

"அண்ணை, மருந்துக் கலன் எங்கை?"

"அதுக்கு மேலதான் இருக்கிறன்."

"எழும்புங்கோ அண்ணை. எனக்கு ரெண்டு சின்னப் பிள்ளையள் இருக்கு."

"தெரியும் தம்பி. நீங்கள் எழும்பச் சொன்னதையும் நான் எழும்பாததையும் அப்பிடியே எழுதுங்கோ. கீழ நான் கையெழுத்து வைக்கிறன். ஆனால் இதைப் போட ஏலாது. போட்டால் அங்கை மட்டிக்குடா அடியோட போயிடும். போடாட்டில் ஒரு வழி இருக்கு, மட்டி பொறுக்கிற பொம்பிளையள் கண்டு மறிப்பினம். நான் முந்தி ஒருக்கால் போட்டனான் தம்பி. எனக்குத் தெரியும்."

முதல் தடவையாக அதை வெளியாள் ஒருவரிடம் வாய்விட்டுச் சொன்னேன். கப்டன் என்னையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு திரும்பி மேலே ஏறிப் போனார். முடிந்தது, ஆட்களைக் கூட்டிக்கொண்டு வந்து என்னைத் தூக்கப்போகிறார் என்று நினைத்தேன்.

டக்கின் ஊதல் அடித்தது. நிற்காமல், விட்டு விட்டு, துறைமுகம் முழுக்கக் கேட்கும்படி அடித்தது. கப்டன்தான் அடித்தார். பூவும் கதிரையும் வைத்திருந்த இறங்குதுறையில் ஆட்கள் எழும்பி நின்று பார்த்தார்கள். இனி மறைக்க ஒன்றும் மிச்சமில்லை. நான் கலனில் இருந்தபடியே சின்னப் பிள்ளைபோல அழுதேன். பிறகு மூக்கைச் சிந்திவிட்டு ராத்தாவுக்குத் தொலைபேசி எடுத்தேன்.

"ராத்தா, எண்ணெய் வருது. எங்கட டக்கில இருந்துதான். மேல கிடக்கு, கறுப்பா நல்லாத் தெரியும். மறியுங்கோ."

ஏன், எப்படி என்று ஒரு கேள்வி கேட்கவில்லை அவர். "எவ்வளவு நேரம் இருக்கு?" என்றார்.

"காத்து இப்பிடியே வீசினால் ரெண்டு மணித்தியாலம்."

"போன வைங்க."

அந்த இரண்டு மணித்தியாலத்தில் நடந்ததை நான் பிறகுதான் கேட்டு அறிந்தேன். வயலில் வைக்கோல் குவிந்து கிடந்த நேரம். ராத்தாவின் மருமகன் லான்ட்மாஸ்டர் உழவு இயந்திரப் பெட்டியில் வைக்கோலை ஏற்றிக்கொண்டு கரைக்கு ஓடியிருக்கிறார். பெண்கள் பழைய வலைகளை விரித்து, வைக்கோலை நிரப்பி, பாய் சுருட்டுவதுபோல் சுருட்டிக் கட்டியிருக்கிறார்கள். ஐந்தாறு தோணிகள் அதை இழுத்துக்கொண்டுபோய்க் குடாவின் வாயில் குறுக்கே போட்டன. கப்டன் எங்கள் சின்னப் படகில் கயிறும் ஆட்களும் அனுப்பினார். எண்ணெய் வந்து சேர்ந்தபோது மறிப்பின் கடைசி முனையைக் கண்டல் வேரில் கட்டிக்கொண்டிருந்தார்களாம். அன்று பொழுது சாயும்வரை கறுத்த வைக்கோலை அள்ளி அள்ளிப் புதிய வைக்கோல் போட்டார்கள். வாயோரத்துக் கண்டல் வேர்கள் சில கறுத்தன, ஓரத்து மட்டி கொஞ்சம் செத்தது. குடாவின் உள்ளே எண்ணெய் போகவில்லை.

விசாரணை ஒரு மாதத்துக்குப் பிறகு நடந்தது. நீள மேசை, மூன்று அதிகாரிகள். சேதத்தைப் பற்றிச் சொல்ல ராத்தாவையும் கூப்பிட்டிருந்தார்கள். "மேலிடத்துக் கட்டளையை ஏன் மீறினீர்கள்?" என்று நடுவில் இருந்தவர் கேட்டார். நான் ஒரு பதிலைப் பாடமாக்கிக்கொண்டு போயிருந்தேன். அது வாயில் வரவில்லை. பிளேன்ரீயும் வடையும் முதற்கொண்டு பழைய கதை முழுவதையும் சொன்னேன். வாசலில் ராத்தாவுக்கு மழைத் தண்ணி என்று பொய் சொன்னதையும் சொன்னேன். மேசையைப் பார்த்துத்தான் சொன்னேன், ராத்தாவின் பக்கம் திரும்பும் துணிவு இல்லை.

வெளியே பஸ் நிறுத்தத்தில் அவர் நின்றுகொண்டிருந்தார். நான் பக்கத்தில் போய் நின்றேன்.

"ராத்தா, என்னை மன்னிச்சுக்கொள்ளுங்கோ."

"இத்தின வருசம் என்ட கையால மட்டி வாங்கின நீங்க" என்றார். "ஒரு நாளாவது வாய் திறந்தீங்களா?"

"இல்லை."

"மன்னிப்ப என்னட்டக் கேக்காதீங்க. செத்தது நான் இல்ல." பஸ் வந்தது. ஏறுமுன் திரும்பிப் பார்த்தார். "சனிக்கிழம குடாவுக்கு வாங்க. சாரத்த மடிச்சுக் கட்டிக்கொண்டு வாங்க. அந்தப் பக்கத்துக்கு உசிர் வைக்க வேணும்."

சனிக்கிழமை போனேன். மட்டி நெருக்கமாகக் கிடக்கும் இடத்திலிருந்து குஞ்சு மட்டிகளைக் கூடையில் எடுத்து வந்து, நான் கொன்ற பக்கத்துச் சேற்றில் விரல் அகலம் விட்டு ஊன்ற வேண்டும். வாங்கல் விற்பனை ஒன்றும் இல்லை, வெறும் வேலை. மட்டி எங்கே இருக்கிறதென்று பெண்கள் கால் விரலாலேயே தடவிக் கண்டுபிடிப்பார்கள். எனக்குக் கால் விரலில் அகப்பட்டதெல்லாம் கல். "இயந்திரத்தில வேல செய்த காலுக்கு உணர்ச்சி இல்ல" என்று சிரிப்பார்கள். முதல் வருடம் ஊன்றியதில் பாதி செத்தது. வீட்டுக்கு வந்து சாப்பிடாமல் படுத்தேன். "செத்ததை எண்ணினது போதும், அடுத்த சனிக்கிழமை போங்கோ" என்றாள் றீற்றா. இரண்டாம் வருடம் சேற்றில் சின்னச் சின்ன மூச்சுத் துளைகள் தெரியத் தொடங்கின. ராத்தா குனிந்து பார்த்து, "இருக்கு, இருக்கு" என்று சொல்லி என் தோளில் ஓங்கி ஓர் அடி வைத்தார். அது மன்னிப்போ என்னவோ, இன்றுவரை நான் கேட்கவில்லை.

என் வேலைக்கு என்ன நடந்தது என்று கேட்பீர்கள். கப்டனைக் கண்டித்து விட்டுவிட்டார்கள். என்னை டக்கிலிருந்து இறக்கிக் களஞ்சியத்தில் போட்டார்கள். முப்பது வருடம் இயந்திரத்தோடு இருந்தவனை அலுமாரிகளுக்கு நடுவில் இருத்தியது பெரிய தண்டனைதான். ஆனால் தண்டித்தவர்கள் ஒன்றை மறந்துவிட்டார்கள். எல்லா டக்குக்கும் சவர்க்காரக் கலன்கள் களஞ்சியத்திலிருந்துதான் போகின்றன. யாராவது கலன் கேட்டு வந்தால், "எந்தத் தளத்தைக் கழுவப் போறீங்கள்? வாங்கோ, நானும் வந்து பாக்கிறன்" என்பேன். பாதிப் பேர் கலன் வாங்காமலே திரும்பிப் போனார்கள். மிச்சப் பேருக்கு, ராத்தாவின் ஆட்களிடம் கேட்டுப் பழகி நானே சுருட்டிய வைக்கோல் மறிப்புகளில் ராத்தாவின் தொலைபேசி இலக்கத்தையும் எழுதிக் கட்டிக் கொடுத்தேன். ஓய்வு பெறும்போது எல்லா டக்கிலும் படிக்குக் கீழே அதுதான் இருந்தது. முகாமையாளர் பிரியாவிடையில் எனக்கு மாலை போட்டார். நானும் கழுத்தை நீட்டினேன்.

இப்போது இதை ஏன் எழுதச் சம்மதித்தேன் என்று சொல்லிவிடுகிறேன். போன கிழமை காலையில் ராத்தா தொலைபேசி எடுத்தார். அவருக்கு இப்போது முழங்கால் ஏலாது, ஆனாலும் குடாவை விட்டு இருக்கமாட்டார். சிரிப்பை அடக்க முடியாமல் கதைத்தார்.

"தம்பி, உங்கட டக்கில இருந்து ஒரு புள்ள எனக்குப் போன் எடுத்த. பொம்புளப் புள்ள. புதுசு போல, குரல் நடுங்குது. 'ராத்தா, நான் வாளியத் தட்டி ஊத்திட்டன், எண்ணெய் விழுந்திட்டு, உங்கட பக்கம் வந்தாலும் வரும்' எண்டு சொல்லுது. எவ்வளவு புள்ள எண்டு கேட்டன். ஒரு வாளி எண்டிச்சு. ஒரு வாளிக்கு யா அல்லாஹ், நான் போய் என்னத்த மறிக்கிற!"

"வந்ததோ?" என்றேன்.

"வரல்ல. அங்கயே ஒத்தி எடுத்திட்டாங்களாம், பிறகு அதையும் எடுத்துச் சொன்ன." கொஞ்சம் பொறுத்து, சிரிப்பில்லாத குரலில் சொன்னார்: "நான் தோணிய எடுத்துக்கொண்டுதான் போனன் தம்பி. கூப்பிட்டா போகத்தானே வேணும்."

அந்தப் பிள்ளையின் பெயரை நான் கேட்கவில்லை, ராத்தாவும் சொல்லவில்லை. ஆனால் இந்தப் புத்தகம் உங்கள் எல்லோருடைய கைக்கும் வருமென்பதால் நீயும் இதை வாசித்துக்கொண்டிருப்பாய், தங்கச்சி. அன்றைக்கு வேலை போய்விடுமோ என்று நீ பயந்திருப்பாய். அந்தப் பயம் எனக்கு நன்றாகத் தெரியும். ஒரு பரலுக்கு நான் சொல்லாத உண்மையை ஒரு வாளிக்கு நீ சொல்லிவிட்டாய்.